வலை கட்டாத சிலந்தி

பருத்தித்துறைக்குப் போகும் பஸ் புத்தூரைத் தாண்டியபோது முன் சீற்றில் இருந்த பெண்ணின் குரல் உயர்ந்தது. அவள் தோளில் ஒரு பிள்ளை நித்திரை, மடியில் இன்னொன்று. பக்கத்தில் புருஷன் கையைக் கட்டிக்கொண்டு இருந்தார்.

"ஒரு சிலந்தியை அடிச்சு நூறாக்கின ஆள் உலகத்திலையே நீங்கள் ஒராள்தான்!"

"அது முதுகிலை குஞ்சுகளைச் சுமந்துகொண்டு திரியுதெண்டு எனக்கென்ன தெரியும்? விளக்குமாத்தாலை ஒரு அடிதான். குஞ்செல்லாம் வீடு முழுக்க ஓடீட்டுது."

"அடியாதேங்கோ எண்டு சொன்னனான். அது தன்ரை பாட்டிலை பூச்சி, கரப்பொத்தானைப் பிடிச்சுத் திண்டுகொண்டு திரிஞ்சது. ஆரையும் கடிச்சதே? இப்ப பயத்திலை எங்களையும் இழுத்துக்கொண்டு நெல்லியடிக்கு அக்கா வீட்டை ஓடுறியள்."

"ஒரு மூலையிலையும் அதின்ரை வலையைக் காணேல்லை. அதுதான் ஏதோ நஞ்சுச் சாதியெண்டு நினைச்சன்."

"அந்தச் சிலந்தி வலை கட்டாது. ஓடித்திரிஞ்சுதான் இரை பிடிக்கும்."

"வலையில்லாமல் என்னெண்டப்பா பிழைக்கிறது? கடலுக்குப் போறவன் நான், எனக்குத் தெரியாதே?"

அவள் அவரை மேலும் கீழும் பார்த்தாள்.

"நீங்கள் வலையைச் சுருட்டி மூலையிலை போட்டு மூண்டு மாசம். கொழும்புத்துறை முழுக்கக் கடலுக்குப் போகுது. எங்கடை வீட்டிலை அடுப்பு எரியாமல் விட்டதே? இந்த ரெண்டையும் சுமந்துகொண்டு ஆர் ஓடித்திரியிறது?"

கொஞ்சத் தூரம் போனபிறகு அவர், கட்டியிருந்த கையை அவிழ்த்து மடியிலிருந்த பிள்ளையை வாங்கிக்கொண்டார்.