பையைத் திறந்து பார்க்கும் வேலை

எங்கள் ஊர்ப் பக்கம் கழிப்பறைத் தொட்டிக்குள் பச்சைத் தவளை உட்கார்ந்திருந்தால் யாரும் அலறமாட்டார்கள், சார்ஜென்ட். நீங்கள் பெர்த்திலிருந்து புதிதாக வந்தவர் என்பதால் சொல்கிறேன். எங்கள் வீட்டில் இருந்ததற்கு டச்சஸ் என்று பெயர். என் கணவர் கிளெம் உள்ளே போகும்போதெல்லாம், "கொஞ்சம் தள்ளிக்குங்க மகாராணி, அவசரம்" என்பார். அதுவும் ஓரமாகத் தள்ளிக்கொள்ளும்.

வக்கீல் வரும்வரை பேச வேண்டாம் என்றீர்கள். நுணலும் தன் வாயால் கெடும் என்பது உண்மைதான். ஆனால் கிளெம்மைப் பற்றி முன்பின் தெரியாத ஒருவர் எழுதிக் கொடுத்து நான் படிப்பது எனக்குப் பிடிக்கவில்லை.

கரும்புப் பூச்சியைத் தின்னட்டும் என்று வெளிநாட்டிலிருந்து கொண்டுவந்த கரும்புத் தேரை, பெருகிப் பரவி எங்கள் கிம்பர்லிப் பக்கம் வந்த வருஷம், எங்கள் ஓடைக்கரை முழுக்க உடும்புகள் மல்லாந்து கிடந்தன. தேரையைத் தின்றால் அதன் விஷம் உடும்பைக் கொன்றுவிடும். மறு மழைக்காலத்தில் எங்கள் தவளைகளின் சத்தம் பாதியாகிவிட்டது. தேரையின் கடகடப்புதான் விடிய விடிய. கிளெம் ஓடைக்கரையில் உட்கார்ந்து அழுததை நான் பார்த்தேன். பிறகு அவர்தான் ஊரைக் கூட்டினார். சனிக்கிழமை பொழுது சாய்ந்ததும் ஆளுக்கொரு டார்ச்சும் பையுமாகக் கிளம்புவோம். பிடித்ததையெல்லாம் பழைய மீன் கொட்டகைக்குக் கொண்டுவருவோம். அங்கே மீனை உறையவைக்கும் குளிர் அறை ஒன்று இருக்கிறது. அதன் சாவி என் பொறுப்பு.

மட்டையால் அடிக்கிறவர்களைக் கிளெம் கிட்டே சேர்க்கமாட்டார். முதலில் பையோடு ஃபிரிட்ஜில் வைக்க வேண்டும். உடம்பு மரத்துப்போன பிறகு அந்தக் குளிர் அறைக்குள். தூங்குவதுபோலப் போய்விடும். இது எங்கள் ஊரில் பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கும் தெரியும்.

அதற்கும் முன்னால், ஒவ்வொரு பையையும் கிளெம் திறந்து பார்ப்பார். மண்ணுக்குள் புதைந்து கிடக்கும் எங்கள் ஊர்த் தவளைகள் சில, பார்வைக்குத் தேரை மாதிரியே இருக்கும். கண்ணுக்கு மேலே எலும்பு வரம்பு கட்டியிருந்தால் தேரை. வழவழவென்று இருந்தால் நம்முடையது. கட்டைவிரலால் ஒரு தடவு தடவி, நம்முடையதை வெளியே விட்டுவிடுவார். "கொல்றதுதான் கொல்றோம், ஆள் தெரிஞ்சு கொல்லணும்" என்பார். அந்த வேலையில் அவருக்கு இருந்த பெருமை கொஞ்சமில்லை.

பிறகு அவர் புத்தி தேரை மோந்த தேங்காய் மாதிரி உள்ளுக்குள் வற்ற ஆரம்பித்தது. ஓடு அப்படியே இருந்தது. நல்ல உயரம், நல்ல சிரிப்பு. ஒரு சனிக்கிழமை பக்கத்துத் தோட்டத்து டாரில் அவர் பைக்குள் கையை விட்டுப் பார்த்தான்.

"கிளெம், இதெல்லாம் நம்ம ஊர் ஆளுங்கய்யா. உன் கண்ணாடிய எந்த மாடு மேஞ்சது?"

எல்லோரும் சிரித்தார்கள். கிளெம்மும் சிரித்தார். அடுத்தடுத்த வாரங்களில் யாரும் சிரிக்கவில்லை. அவர் பார்த்து வைத்த பைகளை டாரில் கொட்டகைக்குப் பின்னால் கொண்டுபோய் மறுபடி பார்த்தான். கடைசியில், "நீ உட்காரு கிளெம், டீ ஆறுது" என்று நாற்காலி போட்டுக் கொடுத்துவிட்டார்கள். மரியாதையாகத்தான் செய்தார்கள். அவர் டீயைக் குடிக்காமல் பைகளையே பார்த்துக்கொண்டிருப்பார்.

போன வாரம் வராந்தா ஃபிரிட்ஜின் ஃப்ரீசரைத் திறந்தேன். கட்டிய பை ஒன்று இருந்தது. உள்ளே எல்லாம் பச்சைத் தவளைகள். பின்னங்காலில் தழும்போடு டச்சஸும் கிடந்தது. எதற்கும் உயிரில்லை.

"இன்னிக்கு நல்ல வேட்டை, பாத்தியா?" என்றார்.

நான் டச்சஸை எடுத்து அவர் உள்ளங்கையில் வைத்தேன். கட்டைவிரல் தானாகவே கண்ணுக்கு மேலே போனது. தடவியது. நின்றது.

"நானா செஞ்சேன்?"

"ஆமா கிளெம்."

இல்லை என்று சொல்லியிருக்கலாம். கல்யாணமான நாளிலிருந்து அவரிடம் பொய் சொல்லி எனக்குப் பழக்கமில்லை. வெகுநேரம் அதைக் கையில் வைத்திருந்தார். பிறகு, "அப்ப என்னையும் ஒரு பையில போட்டுக் கட்டிரு" என்று சிரித்தார். கொஞ்ச நேரத்தில் அதையும் மறந்து, தக்காளி சாண்ட்விச் கேட்டுச் சாப்பிட்டார். நான் மறக்கவில்லை. ஒரு மனிதர் தெளிவாக இருந்த நேரத்தில் சொன்ன வார்த்தை அது.

எங்கள் மகள் டார்வினில் ஒரு முதியோர் இல்லத்தில் அவருக்கு இடம் பிடித்திருந்தாள். இந்தத் திங்கட்கிழமை கொண்டுபோய் விட வேண்டும். நானும் போய்ப் பார்த்தேன். சுத்தமான இடம், அன்பான ஆட்கள். ஆனால் ஜன்னலெல்லாம் கண்ணாடி போட்டு அடைத்திருந்தது. மழை பெய்தாலும் ஒரு தவளைச் சத்தம் கேட்காது. அங்கே விடுவது இரக்கமில்லாத காரியம் என்று எனக்குப் பட்டது. நான் களைத்துப்போயிருந்தேன் என்று எழுதிவிடாதீர்கள். களைப்பெல்லாம் ஒரு காரணமில்லை.

வெள்ளிக்கிழமை மத்தியானம் அவரைக் கொட்டகைக்குக் கூட்டிப்போனேன். வெளியே நல்ல வெயில். மெல்லிய சட்டைதான் போட்டுவிட்டேன். கம்பளிச் சட்டை இருந்தது. போட்டால் நேரம் இழுக்கும், அவருக்குத்தான் கஷ்டம்.

"கிளெம், உள்ள பை குவிஞ்சு கிடக்கு. நீங்க ஒரு தடவ பாத்தாத்தான் எனக்கு நிம்மதி."

அவர் முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். "டாரில் பயலுக்கு என்ன தெரியும்" என்று கையைத் தேய்த்துக்கொண்டே போனார். யாரும் அவரிடம் அதைக் கேட்டு ஒரு வருஷத்துக்கு மேல் ஆகியிருந்தது. அந்தச் சந்தோஷத்தைக் கொடுத்தது நான்தான். அதையும் உங்கள் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

குளிர் அறைக் கதவைச் சாத்தினேன். உள்பக்கத்துக் கைப்பிடி உடைந்திருந்தது எனக்குத் தெரியும். விபத்து என்று டாரில் நினைக்கிறான். சனிக்கிழமை கதவைத் திறந்து அவரைப் பார்த்ததிலிருந்து குழந்தை மாதிரி அழுகிறான். விபத்தில்லை என்று அவனிடம் சொல்லிவிடுங்கள். கைப்பிடியை மாற்றாமல் விட்டோமே என்று அவன் தன்னை நொந்துகொள்ள வேண்டாம்.

நான் வெளியே பெட்டியைக் கவிழ்த்துப் போட்டு உட்கார்ந்திருந்தேன். விட்டுவிட்டுப் போக மனம் வரவில்லை. முதலில் பைகளைப் பிரிக்கும் சத்தம் கேட்டது. பிறகு தட்டினார். நிறைய நேரம் தட்டினார். தேரைகள் தட்டியதில்லை, அதனால் எனக்குக் கொஞ்சம் குழப்பமாக இருந்தது. இரண்டு வருஷமாக என்னை யாரோ நர்ஸ் என்று நினைத்துப் பேசிக்கொண்டிருந்தவர், உள்ளேயிருந்து கூப்பிட்டார். "வெர்னா, திற. குளிருது வெர்னா." என் பெயர்தான். தெளிவாகச் சொன்னார்.

நான் பதில் சொல்லவில்லை. தூங்கப்போகிறவருக்குப் பேச்சுக் கொடுத்து எழுப்பிவிடக் கூடாதே என்றுதான்.