அப்பா வர்ற நாலு நிமிஷம்

தம்பி: ...படத்தை இந்த இடத்துல நிறுத்தட்டுமா?

அக்கா: ஓடட்டும். ஐயோ, என் கண்ணாடியைப் பாரு. பாதி மூஞ்சியை மறைச்சிருக்கு.

தம்பி: அப்ப நீ பெரிய பத்திரிகைக்காரியாச்சே. முதல் டாக்குமெண்டரி வேற. அணை வேணுமா வேண்டாமான்னு நாடே அடிச்சுக்கிட்டிருந்தப்போ, கேமராவைத் தூக்கிட்டு நேரா நம்ம சமையல்கட்டுக்கு வந்த.

அக்கா: மந்திரி பேட்டி குடுக்கல. அணை வேணும்னு பேச அப்பாதான் சும்மா கிடைச்சாரு.

தம்பி: மைக் பிடிக்க நானும் சும்மா கிடைச்சேன்.

அக்கா: சரி, விஷயத்துக்கு வா. இருபது வருஷம் கழிச்சு சேனல்காரங்க இதைத் திரும்பப் போடறாங்க. படம் நீளமா இருக்காம். அப்பா வர்ற நாலு நிமிஷத்தை வெட்டிடு.

தம்பி: எடிட் பண்றது நான். முடியாது.

அக்கா: படம் என்னோடது. வெட்டு.

தம்பி: வீட்டுச் சட்டம் மறந்துபோச்சா? எதிராளியோட கட்சியை, அவனே தலையாட்டற மாதிரி முதல்ல சொல்லணும். அப்புறம்தான் பதில்.

அக்கா: அதைச் சொல்லி முடிக்கிற வரைக்கும் அப்பா தட்டுல கை வைக்க விடமாட்டாரே... எத்தனை நாள் ஆறிப்போன சோத்தைத் தின்னிருக்கேன்.

தம்பி: அம்மா உங்க ரெண்டு பேரையும் சேர்த்துத் திட்டுவாங்க. ம்... சொல்லு. என் கட்சி என்ன?

அக்கா: அப்பா குரல் வேற எங்கயும் பதிவாகல. இதையும் வெட்டினா, அவர் பேசி நாம கேட்க ஒண்ணுமே இல்ல. சரியா?

தம்பி: ...சரி.

அக்கா: இப்ப என் கட்சியைச் சொல்லு.

தம்பி: "ஊரே முழுகினாலும் உங்களுக்குக் குழாய்ல தண்ணி வரணும், சுயநலம்"னு நீ கத்தற. "நீ வாளி தூக்கினதில்லம்மா, உங்கம்மாதான் தூக்கினா"ங்கறாரு அவர். நீ வாயடைச்சு நிக்கறதை நாலு பேர் பார்க்கக் கூடாது. அதானே? இன்னிக்குக் காலையில நீ குளிச்சதே அந்த அணைத் தண்ணிதான்.

அக்கா: குளிச்சேன். அதுக்காக முழுகின ஊரு மேல வந்துடுமா? நான் தலையாட்ட மாட்டேன். நீ சொன்னது தப்பு.

தம்பி: அப்ப எதுக்கு வெட்டணும்?

அக்கா: அவர்கிட்ட தோத்தா எனக்கென்ன... நான் அப்படிக் கத்தி முடிச்சதும் அவர் முகத்தைப் பாரு. கோபமே இல்ல. எவ்வளவு பெருமையாச் சிரிக்கிறாரு... என்னால அதைப் பார்க்க முடியலடா.

தம்பி: ஒண்ணு சொன்னா திட்டக் கூடாது. ஒரு நொடிகூட வெட்டாம, காலையிலயே சேனலுக்கு அனுப்பிட்டேன்.

அக்கா: தெரியும். அவங்க எனக்குப் போன் பண்ணாங்க. நீளம் போனாப் போகுது, அப்படியே போடுங்கன்னு சொல்லிட்டேன்.

தம்பி: அடிப்பாவி... பின்ன எதுக்கு இவ்வளவு நேரம் என் உயிரை வாங்கின?

அக்கா: அப்பா போனப்புறம்... சண்டை போட எனக்கு வேற யாருடா இருக்காங்க?