நான் கூடுதலாகச் சேர்த்த ஒரு சொல்

மேடையில் வீற்றிருக்கும் இயக்குநர் அவர்களே, சங்கத் தலைவர் அவர்களே, கலங்கிய கண்ணோடு வந்திருக்கும் தோழர்களே, யார் யார் கலங்குகிறார்கள் என்று குறிப்பெடுக்கும் நண்பர்களே! ஒப்புதல் வாங்கிய இரங்கல் உரை என் சட்டைப்பையில் இருக்கிறது. அங்கேயே இருக்கட்டும்.

தபால் பிரிவின் தலைமை எழுத்தர், நம் எல்லோருக்கும் தபால் அக்கா, போய்விட்டார். வெள்ளிக்கிழமைதோறும் பக்கத்து மேசைக்காரரைப் பற்றி அறிக்கை தருகிறோமே, அக்காவும் தந்தார். என்னைப் பற்றித்தான். பதினாறு ஆண்டுகளாக ஒரே வரி: "வந்தார், வேலை செய்தார், போனார்." நடுவில் இருப்பது எவ்வளவு பெரிய பொய் என்று இந்தச் சபைக்கே தெரியும்!

கண்காணிப்பு அதிகாரி கூப்பிட்டார். "ஏம்மா, வேற எதுவுமே கண்ணுல படலையா?"

"பட்டுச்சு சார். அது அவரோட சொந்த விஷயம்."

பதவி உயர்வு அன்றோடு போயிற்று.

நான்? எனக்குத்தான் எழுத்தாளன் என்று நினைப்பாயிற்றே! "உங்க அறிக்கை கதை மாதிரி போகுதுங்க" என்றார் அதே அதிகாரி. எனக்குத் தலைகால் புரியவில்லை. அடுத்த வாரமே அக்காவைப் பற்றி எழுதினேன்: "மதியம் ஜன்னலோரம் நின்று சாலையை ஏக்கத்துடன் பார்த்தார்." ஐயா, அவர் பார்த்தது டீ வருகிறதா என்று! 'ஏக்கத்துடன்' நடைக்காக நான் சேர்த்தது.

எல்லைக்கு அப்பால் வாழும் மகளின் பிரசவத்துக்குப் போக அக்கா அனுமதி கேட்டார். என் அறிக்கையில் அந்தச் சொல்லுக்கு அடியில் சிவப்புக் கோடு போட்டு, மனுவைத் திருப்பினார்கள்: 'ஏக்கம் உள்ளவர். திரும்பி வரமாட்டார்.' ஆறு முறை கேட்டார். ஆறு முறையும் அதே பதில்! இப்போது அம்மாவின் உடலைப் பார்க்க மகளுக்கு இரண்டே மணி நேரத்தில் அனுமதி! உயிரோடு இருப்பவரிடம் மட்டும்தானா உங்களுக்குப் பயம்?

அந்தச் சொல் என்னுடையதுதான் என்று நான் ஒப்புக்கொண்டபோது அக்கா சிரித்தார். "தெரியும் தம்பி. இவ்வளவு அலங்காரமா எழுத இந்த ஆபீஸ்ல உன்னை விட்டா யாரு?"

அதற்குப் பிறகும் எழுதினேன். ஆம், எழுதினேன்! சம்பளம் வாங்கும் கோழை நான்.

முன்வரிசையில் இருக்கும் மகளே, உங்களிடம் மன்னிப்புக் கேட்க எனக்கு முகமில்லை. ஒன்று மட்டும் சொல்கிறேன். அக்காவின் நாற்காலிக்குப் புதிதாக ஒரு பெண் வந்திருக்கிறார். அக்காவின் உடல் வீட்டைவிட்டுக் கிளம்பும் முன்பே அந்தப் புதியவரைப் பற்றி நான் நிரப்ப வேண்டிய அறிக்கைப் படிவம் என் மேசைக்கு வந்துவிட்டது! அவர் எங்கே பார்க்கிறார், யாரிடம் சிரிக்கிறார்? எனக்குத் தெரியாது. தெரிந்துகொள்ளவும் மாட்டேன். இதற்கு என்ன தண்டனையோ, என் பெயருக்குப் போடுங்கள்.

இயக்குநர் அவர்களே, கையை நீட்டுங்கள். படிவம் இதோ. ஓர் எழுத்துகூட இல்லை.