முரசுக்கு நடுவே ஒரு மூச்சு

எங்கள் வீட்டுக்கென்று தனியாக ஒரு மின்கம்பம் இருக்கிறது, ஐயா. நகோயாவில் இந்தப் பைத்தியம் எனக்கு மட்டுமில்லை. அக்கம்பக்கத்து ஃபிரிட்ஜுகளோடு ஒரே கம்பியில் கரண்ட் வாங்கினால் கேட்கிற பாட்டின் ஒலியில் அழுக்குச் சேரும் என்று நம்புகிற கிழவர்கள் இங்கே நிறையப் பேர். ஒழுகும் கூரையை விட்டுவிட்டுக் கம்பம் நட்டவன் நான் ஒருவனாகத்தான் இருப்பேன்.

"பேய்ப் படத்துப் பாட்டுக்கு ஒரு கம்பம். நான் செத்தா அதுலயே என் பேரையும் எழுதிடுங்க, கல்லறைச் செலவு மிச்சம்," என்பாள் என் மனைவி சிசுரு.

அவளுக்கு நுரையீரல் கெட்டு மூன்று வருடமாகிறது. பக்கத்து அறையில் ஆக்சிஜன் மெஷின் ஓடிக்கொண்டே இருக்கும். அது இல்லாமல் அவள் இல்லை.

போன ஞாயிற்றுக்கிழமை, நான் இளவயதில் பார்த்து நடுங்கிய ஒரு படத்தின் இசை, துளியும் சுருக்காத லாஸ்லெஸ் பதிப்பாக வந்தது. பனியில் சிக்கிச் சாகும் பெண்ணின் மூச்சு முரசடிகளுக்கு நடுவே கேட்கும் என்று அட்டையில் போட்டிருந்தது. எனக்குக் கேட்டதெல்லாம் ஓர் இரைச்சல். ஊர் ஃபிரிட்ஜுகளை விரட்டிய மேதாவிக்கு, அது தன் வீட்டு மெஷின் என்று புரியவே அரைநாள் ஆயிற்று.

"சிசுரு, ஒரு பாட்டுக்கு மட்டும் மெஷினை நிறுத்தட்டுமா? சிலிண்டர் மாட்டி விடுறேன். அது சத்தம் போடாது."

"என் மூச்சை விட அந்தச் செத்தவ மூச்சு உங்களுக்கு ஒசத்தி. சரி, மாட்டுங்க. ஒரு பாட்டுதான்."

மாட்டினேன். சிலிண்டரின் முள் சிவப்பில் நின்றதைப் பார்த்தேன். ஒரு பாட்டுக்குத் தாங்கும் என்று நினைத்தேன். நிறைந்த சிலிண்டர் வாசலருகில் இருந்தது. ஆனால் ஆம்ப்ளிஃபயர் அப்போதுதான் பதமாகச் சூடேறியிருந்தது.

முதல் பாட்டில் மூச்சு இல்லை. இரண்டாவதிலும் இல்லை. எனக்கு ஏமாற்றமாக இருந்தது. மூன்றாவதில் வந்தது. இழுத்து, அறுந்து, மறுபடி இழுத்து. எனக்கு மெய் சிலிர்த்துக் கண்ணீர் வந்துவிட்டது.

நாற்பது வருடம் காதைத் தீட்டியவன் நான். எந்த ஒலி எங்கிருந்து வருகிறது என்று எனக்குத் தெரியும். அது ஸ்பீக்கரிலிருந்து வரவில்லை, ஐயா. சுவருக்கு அப்பாலிருந்து வந்தது. "ஏங்க" என்று ஒரு தடவை கூப்பிடவும் செய்தது.

எழுந்து போயிருக்கலாம். ஆனால் ஓடுகிற பாட்டை நடுவில் நிறுத்துவது அதை உண்டாக்கியவருக்குச் செய்யும் அவமரியாதை. அதனால் முடியும்வரை உட்கார்ந்திருந்தேன். சிசுருவுக்கும் என் குணம் தெரியும். அதனால்தான் அவள் இரண்டாம் தடவை கூப்பிடவில்லை.