கலங்கரை விளக்கம் வர்றதுக்குள்ள

இல்ல, அந்தப் பக்கம் வேணாம் தங்கச்சி, இப்படி வந்து உக்காருங்க. அங்க உக்காந்தீங்கன்னா டீசல் புகை முழுக்க உங்க மூஞ்சிலதான் அடிக்கும். டிக்கெட்ல அதைப் போட்டிருக்கமாட்டான். கடல் காட்சின்னு மட்டும் போட்டிருப்பான். பையைக் கீழ வைங்க, யாரும் எடுக்கமாட்டாங்க. அடையாள அட்டையை மட்டும் பத்திரமா உள்ள போட்டுட்டீங்கல்ல? கவுண்டர்ல எடுத்துக் காட்டினீங்களே, பாத்தேன். சரி, சரி. அது முக்கியம்.

தங்கச்சின்னு கூப்பிடறேன்னு தப்பா எடுத்துக்காதீங்க. சார், மேடம் இதெல்லாம் என் வாயில வராது. கொள்கை. தோழர்னு கூப்பிட்டா நீங்க எழுந்து வேற சீட்டுக்குப் போயிடுவீங்க. உங்களுக்கு இந்த ஊர் இல்லையே? பேச்சிலேயே தெரியுது. ஆபீஸ் வேலையா வந்தீங்களா. ரயில் சாயங்காலம்தானா? ரொம்ப நல்லது. உங்க ஆபீஸ்ல சங்கம் கிங்கம் உண்டா? எந்தச் சங்கத்துலயும் உறுப்பினர் இல்லையா? வேற ஒரு நாளா இருந்தா இதுக்கு உங்களை உக்கார வச்சுப் படகு ரெண்டு சுத்து சுத்துற வரைக்கும் பேசியிருப்பேன். இன்னிக்கு வேணாம். இன்னிக்கு அதுவும் நல்லதுதான்.

தொப்பியா? ஆமா, காத்துல பறக்குது, அதான் கையால அமுக்கிப் பிடிச்சிட்டிருக்கேன். கழட்டக்கூடாது. கழட்டினா அதுக்கு வேற அர்த்தம் ஆயிடும். சொல்றேன், அங்கதான் வர்றேன். கலங்கரை விளக்கம் வர்றதுக்குள்ள எனக்கு ஒரு காரியம் ஆகணும். ஆகலைன்னா தொப்பி தலையோடவே வீட்டுக்குப் போயிடும்.

கிளம்பிட்டான் பாருங்க. முன்னாடி மைக்கைப் பிடிச்சிட்டு நிக்கறாங்கல்ல, நரைச்ச முடி, நீலச் சட்டை, அந்தம்மா இப்ப மணிக்கூண்டைக் காட்டுவாங்க. துறைமுகத்தின் இதயத்துடிப்புன்னு சொல்வாங்க. சொல்லிட்டாங்களா? கேட்டுக்கங்க. அந்த இதயத்துக்கு அந்தக் காலத்துல ஒரு வியாதி இருந்துச்சு. காலையில நாங்க உள்ள போறப்ப டாண் டாண்ணு ஓடும். சாயங்காலம் எங்களை வெளிய விடற நேரம் நெருங்கிச்சுன்னா மூச்சு வாங்க ஆரம்பிச்சுடும், முள்ளு நகராது. மனு கொடுத்தோம், பழுது எதுவும் இல்லைன்னு பதில் வந்துச்சு. ஒருநாள் எல்லாரையும் வீட்டுல இருக்கற அலாரக் கடிகாரத்தைத் தூக்கிட்டு வரச் சொன்னேன். மணிக்கூண்டு அடியில வரிசையா வச்சு, எல்லாத்தையும் ஒரே நேரத்துக்கு அடிக்க விட்டோம். புறாவெல்லாம் ஊரை விட்டே போயிடுச்சு. மறுநாள்லேர்ந்து மணிக்கூண்டுக்கு உடம்பு சரியாயிடுச்சு. அதெல்லாம் அந்தம்மா சொல்லமாட்டாங்க. அவங்க கையில இருக்கற தாள்ல அது இல்ல.

அதோ அந்தச் செலை, ஒரு கையை நீட்டிட்டு நிக்கறாரே, துறைமுகக் கம்பெனி முதலாளியோட தாத்தா. கடலைக் காட்டறார்னு சொல்வாங்க. லாபம் எந்தப் பக்கமா போச்சுன்னு காட்டறார்னு நாங்க சொல்வோம். பக்கத்துல அந்த உசரமான கட்டடம், ஹோட்டல். அப்ப அது தானியக் கிடங்கு. படுக்கையில படுத்தபடியே கடலைப் பாக்கலாம்னு இப்ப விளம்பரம் பண்றான். நாங்களும் அங்க படுத்தபடி கடலைப் பாத்திருக்கோம், மூட்டை மேல. எங்ககிட்ட வாடகை கேக்காததுதான் மிச்சம்.

சிரிக்கறீங்க. நல்லா சிரிக்கறீங்க. முசுடா இருப்பீங்களோன்னு பயந்தேன்.

கிரேன்ல இருந்தீங்களான்னா, இருந்தேன். அந்தச் சிவப்பு பெயின்ட் அடிச்சு விளக்கெல்லாம் போட்டிருக்கான் பாருங்க, அதுலதான். இப்ப அது போட்டோ எடுக்கறதுக்கு. பிறகு பெட்டி வந்துச்சு தங்கச்சி. கப்பல்ல வர்ற இரும்புப் பெட்டி, கன்டெய்னர்னு சொல்வாங்களே. அதிகாரி வந்தாக் கோஷம் போடலாம், போலீஸ் வந்தா உக்காந்து மறிக்கலாம். பெட்டிக்கு என்ன பண்ணுவீங்க? அதுக்குக் காதே இல்ல. சத்தமே இல்லாம எங்க எல்லாரையும் வீட்டுக்கு அனுப்பிடுச்சு. இப்ப சங்க ஆபீஸ்ல இருக்கறது ஒரு கேரம் போர்டும் அதைச் சுத்தி உக்கார ஆளும்தான். சரி விடுங்க, காத்து நல்லா அடிக்குது, அதைக் கெடுப்பானேன்.

இப்ப கொஞ்சம் காதைத் தீட்டிக்கங்க. பழைய கேட் வருது. ஐஸ்கிரீம் கடை தெரியுதா, அதான். அந்தம்மா என்ன சொல்றாங்கன்னு கவனிங்க.

கேட்டீங்களா? இங்கே ஒரு காலத்தில் தொழிலாளர் போராட்டம் நடந்தது. அந்தப் போராட்டம்ங்கற சொல்லு இருக்கே, அது சும்மா வரல. போன வருஷம் நான் முதமுதலா இந்தப் படகுல ஏறினப்ப, இங்கே ஒரு சிறு தகராறு ஏற்பட்டதுன்னு வாசிச்சாங்க. சிறு தகராறு. ஊரே அடுப்பு மூட்டாம கிடந்த மாசங்கள் தங்கச்சி அது. நான் எழுந்து நின்னு கத்தினேன், அம்மா, அதைத் திருத்துங்கன்னு. வெளிநாட்டுக்காரன் ஒருத்தன் நான்தான் நாடகம் போடறேன்னு நினைச்சு கைதட்டினான். அந்தம்மா என்னையே பாத்தாங்க. அப்புறம் மைக்லேயே கேக்கறாங்க, தொண்டை சரியாயிடுச்சான்னு.

உங்களுக்குப் புரியாது, புரியற மாதிரி சொல்றேன். வேலைநிறுத்தம் நடந்தப்ப இந்தக் கேட்டுக்கு வெளிய ஒரு எண்ணெய் பீப்பாய் மேல நான் நிப்பேன், கையில கத்திப் பேசறதுக்கு ஒரு தகரக் குழாய். உள்ள கம்பத்து மேல கம்பெனி ஒலிபெருக்கி. அதுல ஒரு பொண்ணு நிர்வாகத்தோட அறிவிப்பை வாசிப்பா. தொழிலாளர்கள் உடனடியாக வேலைக்குத் திரும்ப வேண்டும், தவறினால் நடவடிக்கை. நான் பதில் சொல்வேன். அவ அடுத்ததை வாசிப்பா. நான் அதுக்கும் சொல்வேன். நாள் பூரா இதே வேலை. ஆள் கறுப்பா சிவப்பா, எனக்கும் தெரியாது, அவளுக்கும் தெரியாது. குரல் மட்டும்தான். அவ்வளவு தெளிவான குரல். ஒரு எழுத்து சிந்தாது. அந்த ஒலிபெருக்கியை ஒரு தடவையாவது வாயடைக்கணும்னு எனக்கு வெறி. ஒயரை அறுத்துப் பாத்தோம், பொழுது விடியறதுக்குள்ள வேற ஒயர் வந்துடுச்சு. கும்பலா ஊளையிட்டுப் பாத்தோம், அவ பாட்டுக்கு வாசிச்சிட்டிருப்பா.

ஒருநாள் எனக்குத் தொண்டை கட்டிடுச்சு. பீப்பாய் மேல நிக்கறேன், வெறும் காத்துதான் வருது. அவ அறிவிப்பை வாசிச்சா. நிறுத்தினா. நான் பதில் சொல்ற நேரம் எவ்வளவோ அவ்வளவு நேரம் சும்மா இருந்தா. அப்புறம் அதே குரல்ல, அதே ஏத்த எறக்கத்துல வாசிக்கறா. குறுக்கே பேசும் நபர் வெந்நீரில் உப்பைக் கரைத்துத் தொண்டையைக் கொப்பளிக்க வேண்டும், தவறினால் தொண்டை மேலும் கெடும்.

ஆமா, மொத்தக் கூட்டமும் சிரிச்சுடுச்சு. போலீஸ்காரன் கூடச் சிரிச்சான். அவளுக்கு உள்ள மெமோ கொடுத்தாங்களாம். நான் என்ன பண்ணேனா? நிர்வாகத்தின் நயவஞ்சக நாடகம்னு தலைப்புப் போட்டு ஒரு துண்டுப் பிரசுரம் அடிச்சேன். அடிச்சுட்டு வீட்டுக்குப் போய் கொப்பளிச்சேன். நல்லா கேட்டுச்சு, குரல் திரும்பி வந்துடுச்சு.

ஜெயிச்சீங்களான்னு கேக்கறீங்க. பாதி. மகத்தான வெற்றின்னு நோட்டீஸ் எழுதினவன் நான்தான், அதனால எனக்குத் தெரியும்.

அதுக்கப்புறம் இந்தப் படகுலதான் அந்தக் குரலைக் கேட்டேன். பேச்சுவார்த்தை ஆரம்பிச்சோம். படகுத்துறை டீக்கடையில, ஆளுக்கொரு பக்கம் உக்காந்து. முதல்ல சிறுங்கற சொல்லை எடுத்தா. அப்புறம் தகராறு போய் போராட்டம் வந்துச்சு. படகு முதலாளிக்கு இன்னும் தெரியாது. போராட்டத்துக்கு முன்னாடி மாபெரும்னு சேக்கணும்னு கேட்டிருக்கேன். அதைக் கல்யாணத்துக்கு அப்புறம் பாத்துக்கலாம்னு சொல்லிட்டா.

அட. சொல்லிட்டேனா.

ஆமா, கல்யாணம்தான். எனக்கும் அவளுக்கும். இன்னிக்கு மத்தியானம். என்ன அப்படிப் பாக்கறீங்க? எனக்கு அப்ப நேரமில்ல, நேரம் வந்தப்ப ஆளில்ல. அவ வீட்டுக்காரர் போய்ச் சேந்து ரொம்ப நாளாச்சு. ஒருத்தரோட ஒருத்தர் சண்டை போட்டு எங்க ரெண்டு பேருக்கும் நல்ல பழக்கம் இருக்கு, வேற என்ன வேணும்? படகுத்துறைக்கு நேர் எதிர்ல, கீழ தபால் ஆபீஸ், மாடியில பதிவு அலுவலகம். பெரிசா ஒண்ணுமில்ல. மாப்பிள்ளைக்கு ஒரு சாட்சி, பொண்ணுக்கு ஒரு சாட்சி, கையெழுத்து.

அங்கதான் மாட்டிக்கிட்டேன் தங்கச்சி.

எங்க சங்கத்துல ஒரு தீர்மானம் இருக்கு. வேலைநிறுத்தக் காலத்தில் உள்ளே இருந்து நிர்வாகத்துக்கு ஒத்துழைத்த எவருடைய வீட்டு நல்லது கெட்டதிலும் சங்க உறுப்பினர் எவரும் பங்கேற்பதில்லை. பாத்தீங்களா, ஒரு சொல்லைக் கூட உருவ முடியாது. யார் எழுதினது? நான்தான். கட்டிக்கிறவனைப் பங்கேற்கறவன்னு சொல்ல முடியாது, அந்த மட்டுக்கு நான் தப்பிச்சேன். செயலாளர்கிட்டப் போனேன். அவனுக்கு நங்கூரம்னு பேரு, ஒரு இடத்துல உக்காந்தா எழுந்திரிக்கமாட்டான். டேய், சாட்சிக் கையெழுத்துப் போட வாடான்னேன். அவன் தீர்மானத்தை எடுத்து எனக்கே வாசிச்சுக் காட்டறான். வரமாட்டேன் தோழர், நீங்கதான் இப்படி எழுதி வச்சிருக்கீங்கன்னு சொல்றான். கண்ணுல தண்ணி வேற அவனுக்கு.

ரத்து பண்ணலாமேன்னா, அதுக்கும் கூட்டம் போட்டாங்க பாவம். எனக்காகத்தான் போட்டாங்க. ரத்து செய்வதை எதிர்ப்பவர் கை தூக்கலாம்னு நங்கூரம் சொன்னான். என் கை தானா மேல போயிடுச்சு. நான் மட்டும்தான். ஒரு கை எதிர்த்தாலும் தீர்மானம் ரத்தாகாது, அது சங்க விதி. எல்லாரும் என்னையே பாக்கறாங்க. என்ன பண்ணச் சொல்றீங்க? அந்தத் தீர்மானம் சரியானது தங்கச்சி. அன்னிக்கும் சரி, இன்னிக்கும் சரி. பட்டினி கிடந்தவன் வீட்டுப் பக்கம் நின்னு எழுதினது. எனக்குக் கல்யாணம்னு அதை வளைக்க முடியுமா? நான் சொந்த வீட்டுக்காகச் சட்டத்தை மாத்தற முதலாளியா?

இதே படகுல வச்சு அவகிட்டச் சொன்னேன். விழுந்து விழுந்து சிரிச்சா. அப்புறம் சிரிக்கல. சரி, என் பக்கத்துலேர்ந்து ரெண்டு பேரைக் கூட்டிட்டு வர்றேன்னா. யாருன்னு கேளுங்க. ஒருத்தன் கணக்குப் பிரிவு ஆளு. இன்னொருத்தன் கம்பெனி காவல் அதிகாரி, ரிட்டயர்டு. என்னைப் பீப்பாய்லேர்ந்து காலைப் பிடிச்சு இழுத்துப் போட்டவன். ரெண்டு சாட்சியும் நிர்வாகத்து ஆளா? பேச்சுவார்த்தை மேஜையில ரெண்டு நாற்காலியும் அவங்களுக்கா? அதுக்கு நான் இப்பவே குதிச்சு நீந்திக் கரைக்குப் போயிடறேன்னேன். அவ சொன்னா, நீந்துங்க, இதுக்காக இன்னொரு மாசம் நான் காத்திருக்கப் போறதில்ல, உங்க தீர்மானத்தையே கட்டிக்கிட்டு இருங்கன்னு. கோவமாத்தான் சொன்னா. அவ கோவம் எப்படின்னா, குரல் ஏறாது, இன்னும் தெளிவாகும். எனக்கு ராத்திரித் தூக்கம் போச்சு.

கடைசியில ஒரு சமரசம். நான் என் பக்கத்துச் சாட்சியைப் பிடிச்சா, அவ பக்கத்துக்குக் காவல் அதிகாரி ஒருத்தன் போதும். இன்னிக்கு இந்தச் சுத்துதான் கெடு. கலங்கரை விளக்கம் வர்றப்ப அவ திரும்பிப் பாப்பா. ஆள் கிடைச்சிருந்தா நான் தொப்பியைக் கழட்டணும். கழட்டலைன்னா, கரைக்குப் போனதும் அவ பாட்டுக்கு வீட்டுக்குப் போயிடுவா, நான் என் வீட்டுக்கு.

தீர்மானத்துல உறுப்பினர் எவரும்னுதான் இருக்கு. வெளியூர்க்காரங்க, சங்கத்துலயே இல்லாதவங்க, கையில அடையாள அட்டை இருக்கறவங்க, சாயங்காலம் வரைக்கும் ரயில் இல்லாதவங்க, இவங்களைப் பத்தி ஒரு வார்த்தை கூட இல்ல. எழுதினவன் சொல்றேன், நம்புங்க.

அதோ வந்துடுச்சு பாருங்க, வெள்ளையும் சிவப்புமா. அவ இங்கதான் பாக்கறா. பாக்காத மாதிரி இருங்க. நான் வற்புறுத்தல. இஷ்டமில்லைன்னா இல்லைன்னு சொல்லிடுங்க, கோவிச்சுக்கமாட்டேன், கரை வரைக்கும் வேற கதை பேசிட்டுப் போவோம். ஒரு கையெழுத்து, அவ்வளவுதான். அந்தக் காவல்காரன் பக்கத்துல உக்காரணும், அது மட்டும்தான் கஷ்டம்.

தலையாட்டறீங்க. தலையாட்டலைச் சம்மதம்னு எடுத்துக்கறது நிர்வாகத்துப் பழக்கம். வாயைத் திறந்து சொல்லணும்.

சரி. சந்தோஷம். இருங்க, கழட்டறேன்.

இப்ப கேளுங்க. ஒண்ணும் கேக்கலல்ல? இந்தக் கலங்கரை விளக்கத்தின் உயரம்னு ஆரம்பிச்சா, அதோட நின்னுடுச்சு. எல்லாரும் மைக் கெட்டுப் போச்சுன்னு நினைச்சுத் திரும்பிப் பாக்கறாங்க. மைக்கெல்லாம் நல்லாத்தான் இருக்கு. ஒயரை அறுத்தும் நிக்காத குரல் தங்கச்சி அது. நீங்க கொஞ்ச நேரம் கடலைப் பாருங்க. நாம பாக்கறோம்னு தெரிஞ்சா அவளுக்கு இன்னும் வார்த்தை வராது.