பாறைக்குப் பின்னால் வைக்கோல்

மாடுகளோடு நடிப்பது சுலபம், இன்ஸ்பெக்டர் ஐயா. அவை நம்மை முந்திக்கொண்டு காமிராவைப் பார்ப்பதில்லை.

போர் முடிந்து எங்கள் நகரங்கள் இடிபாடாகக் கிடந்த காலத்தில், ஜனங்கள் குண்டு விழாத புல்வெளியைத் திரையில் பார்க்கக் காசு கொடுத்து வந்தார்கள். அந்தப் புல்வெளியின் ஓரத்தில் எங்கேயாவது நான் நிற்பேன். விடுதிக்காரன், தபால்காரன், கோயில் மணியடிக்கிறவன். பீர் கொண்டுவந்து வைப்பேன், வழுக்கி விழுவேன், கொட்டகை சிரிக்கும்.

என்னோடு நடிக்கும் லோரென்ஸ் அவுராகருக்கோ எல்லாப் படத்திலும் திருட்டு வேட்டைக்காரன் வேஷம். வனக்காவலன் சுட, பாறையிலிருந்து விழுந்து சாவான். பெண்கள் கைக்குட்டையைப் பிழிவார்கள்.

ராம்ஸா என்ற மலையூரில் படப்பிடிப்பு. டைரக்டர் டோலிங்கரிடம் கேட்டேன்: "ஒரே ஒரு தடவை நான் செத்துப் பாக்குறேனே, சார்."

"யோவ் வின்சென்ஸ், நீ செத்தா ஜனங்க விழுந்து விழுந்து சிரிப்பாங்கய்யா."

லோரென்ஸ் என் தோளைத் தட்டினான். "கவலப்படாதேண்ணே. உனக்கும் சேத்து நானே சாகுறேன்."

நல்ல பையன். அவன் மேல் எனக்குக் கோபமே கிடையாது.

அவன் விழுவதற்காகப் பாறைக்குப் பின்னால், காமிராவுக்குத் தெரியாத இடத்தில், வைக்கோல் குவித்திருந்தார்கள். காலை ஒத்திகையில் அதில் விழுந்து, எழுந்து, உடம்பைத் தட்டிவிட்டுக்கொண்டான். எல்லோரும் மத்தியானச் சாப்பாட்டுக்குப் போனபோது, என்னோடு நடித்த பசு கத்திக்கொண்டிருந்தது. வாயில்லா ஜீவன். அந்த வைக்கோலை அள்ளி அள்ளிப் போட்டேன். மிச்சத்தைத் தள்ளுவண்டியில் ஏற்றித் தொழுவத்தில் கொட்டினேன். கீழே கல் தெரிந்தது. கவனிக்கவில்லை என்று சொல்ல மாட்டேன்.

ஒத்திகை நன்றாக முடிந்திருந்ததால் யாரும் மறுபடி போய்ப் பார்க்கவில்லை. நான் ஊர்க்கூட்டத்தில் ஒருவனாகக் கீழே நின்றேன். லோரென்ஸ் மேலேறி, தொப்பியைச் சரிசெய்து, என்னைப் பார்த்துக் கண்ணடித்தான். துப்பாக்கி வெடித்தது. பின்பக்கமாகச் சாய்ந்தான்.

அடுத்த வாரமே அந்த வேஷம் எனக்கு வந்தது. புது வைக்கோல், இரட்டிப்பாக. நான் விழுந்தபோது ஒருவரும் சிரிக்கவில்லை; டோலிங்கரே கண்ணைத் துடைத்துக்கொண்டார். லோரென்ஸை நினைத்துத்தான் அழுதார் என்கிறார்கள். சினிமாக்காரர்களின் பொறாமை உங்களுக்குத் தெரியாது.

ஆமாம், அவனைக் கொன்றது நான்தான். எழுதிக்கொள்ளுங்கள். அவன் மேலே நின்றபோது ஒரு குரல் கொடுத்திருக்கலாமே என்று கேட்கிறீர்கள்.

ஐயா, அந்தக் காட்சியில் எனக்கு வசனமே கிடையாது.