வலது பக்கத்து நெஞ்சு

முத்தையாபுரத்தில் பஸ் ஏறிய அக்காவும் தம்பியும் எனக்கு முன் சீட்டில் உட்கார்ந்திருந்தார்கள். உப்பளம் தாண்டியதும் அக்கா கேட்டாள்.

"ஏலே, வேற்றுக்கிரகத்து ஆளுக்கு உடம்புக்குள்ள எது எங்கன இருக்குன்னு படிக்கதுக்கு ஒரு பேரு உண்டே. எம் மூத்தவ ரோசி சொல்லுவாள்லா?"

"ஜீனோ அனாட்டமி."

"அப்படி ஒரு படிப்பு நெசமாவே இருக்கா?"

"பேரு மட்டுந்தான் இருக்கு. அந்த ஆள யாரு பாத்தா? கதை எழுதுதவங்க சொல்லுத வார்த்தை அது, அக்கா."

"பிறவியிலேயே இருதயம் வலது பக்கம் இருந்துச்சுன்னு கிளாஸ்ல எல்லாப் பிள்ளையளும் அவள ஏலியன்னு கூப்பிட்டுதுக. அழுவான்னு நெனச்சேன். இவ அந்த வார்த்தையத் தேடிப் பிடிச்சி, 'என்னப் பத்தித் தெரியணும்னா இதத்தான் படிக்கணும்'னு பெருமையாச் சொல்லிட்டுத் திரிஞ்சா."

"ஆப்பரேஷனுக்கு முன்னால டாக்டர்ட்டயும் சொன்னாளே. அவரு சிரிச்சாரு."

"சிரிச்சாரு. வெளிய வந்து, பிள்ளையக் காப்பாத்த முடியலன்னு நம்மகிட்டத் தரையப் பாத்துதான் சொன்னாரு."

தம்பி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டான். அக்கா தொடர்ந்தாள்.

"ரோசி தூங்கும்போது வலது பக்கம் கைய வச்சி, துடிக்குதான்னு பாப்பேன். அவ பிறந்ததுலருந்து பழக்கம். இப்ப சின்னவ மத்தியானம் தூங்குனாலும் கை அங்கனதான் போவுது. அங்க ஒண்ணும் துடிக்காது. பதறிப்போயி எழுப்பிருதேன். அவ ஒண்ணும் கேக்க மாட்டா. என் கைய எடுத்து இடது பக்கம் வச்சிக்கிட்டு, திரும்பத் தூங்கிருதா."